பாலேந்திரா பெயின்ற் அடித்த நீதிமன்றம்

ஆர்ச்வே ரயில் நிலையத்தை விட்டு வெளியே வந்து, ஹைகேற் முருகன் கோயிலுக்குப் போகிற ஏற்றத்தில் ஏறாமல், எதிர்ப்பக்கமாகப் பத்து நிமிடம் நடந்தால் மார்ஸ்டன் வீதி வரும். அந்த வீதியின் முனையில் ஒரு சிவப்புச் செங்கல் கட்டடம். வாசலுக்கு மேலே, கல்லில் செதுக்கிய சிங்கமும் ஒற்றைக்கொம்புக் குதிரையும் அரச முத்திரையை ஆளுக்கொரு பக்கம் பிடித்துக்கொண்டு நிற்கும். லண்டனில் இப்படி எத்தனையோ வாசல்களில் எத்தனையோ சிங்கங்கள் நிற்கின்றன. எல்லாம் புகை பட்டுக் கறுத்துப்போனவை. மார்ஸ்டன் வீதிச் சிங்கம் மட்டும் பொன்னிறம். அதற்குச் சிவப்பு நாக்கு, வெள்ளைப் பல், கறுப்பு விழி. குதிரை பால் வெள்ளை, அதன் கொம்பும் கழுத்துச் சங்கிலியும் தங்கப் பூச்சு. இந்த வேலையைச் செய்தவர் பாலேந்திரா. அவர் சிற்பியுமல்ல, ஓவியருமல்ல. அந்தக் கட்டடத்தைக் கூட்டி, துடைத்து, பூட்டி, திறந்து, பழுது பார்த்து வந்த பராமரிப்பாளர்.

அவரைப் பற்றிச் சொல்வதென்றால் கட்டடத்தைச் சொல்லாமல் முடியாது. அவருக்கே அது முடியாது. யாராவது “எப்படிச் சுகம்?” என்று கேட்டால், “கூரைக் கண்ணாடியிலை கொஞ்சம் ஒழுக்கு” என்று பதில் சொல்கிற மனிதர்.

1986இல் லண்டன் வந்தார். நான்கு வருடம் நோர்பரியில் ஒரு பெற்றோல் நிலையத்தில் நின்றார். பிறகு ஒரு துப்புரவுக் கம்பெனி அவரை மார்ஸ்டன் வீதி கவுண்டி கோர்ட்டுக்கு அனுப்பியது. மூன்று வருடமாக அவர் துடைத்த தரையைப் பார்த்த நீதிமன்ற மேலாளர், 1993இல் அவரை நேரடியாக வேலைக்கு எடுத்து, நாற்பத்தொரு திறப்புகள் தொங்கிய ஒரு வளையத்தைக் கையில் கொடுத்தார். ஊரில் அவருடைய வீடு அப்போது இராணுவத்தின் உயர் பாதுகாப்பு வலயத்துக்குள் போயிருந்தது. பின்னாளில் போய்ப் பார்த்தபோது கிணறு எங்கே இருந்ததென்றுகூட அவரால் மட்டுக்கட்ட முடியவில்லை. அதைப் பற்றி அவர் அதிகம் பேசுவதில்லை. கேட்டால் மார்ஸ்டன் வீதிக்குத்தான் பேச்சைத் திருப்புவார்.

அந்தக் கட்டடம் பேசத் தகுந்ததுதான். 1846இல் இங்கிலாந்தில் ஒரு சட்டம் வந்தது. பெரிய நீதிமன்றங்களின் படியேற வசதியில்லாத சனங்களின் வழக்குகளை அவரவர் பகுதியிலேயே தீர்த்து வைக்கட்டும் என்று நாடு முழுவதும் கவுண்டி கோர்ட்டுகளைத் திறந்தார்கள். கொலை, கொள்ளை இங்கே வராது. வாடகை வீடு, எல்லை வேலி, கிடைக்காத கூலி, பிரிந்த தாய் தகப்பனில் பிள்ளை யாரோடு இருப்பது என்பவைதான் வரும். ஒரு மனிதனுக்கு உண்மையில் உயிர் போகிற விஷயங்கள் இவைதான் என்பது வேறு கதை. மார்ஸ்டன் வீதிக் கட்டடம் எழும்பியது 1897இல். வரைந்தவர் அரசாங்கக் கட்டட இலாகாவில் மாதச் சம்பளத்துக்கு இருந்த யாரோ. பெயரைக்கூடப் பொறிக்க விடவில்லை. ஆனால் ஆள் கெட்டிக்காரன்.

அவர் மூன்று படிக்கட்டுகள் வைத்தார். நீதிபதிக்கு ஒன்று, எழுதுவினைஞர்களுக்கு ஒன்று, பொதுமக்களுக்கு ஒன்று. தீர்ப்புச் சொல்பவரும் தீர்ப்பு வாங்குபவரும் வழியில் முட்டுப்பட்டுக்கொள்ளக் கூடாது. விசாரணை மண்டபத்துக்கு வீதிப் பக்கம் ஒரு சன்னல்கூட வைக்கவில்லை. குதிரை வண்டிச் சத்தத்தில் சாட்சி சொல்வது கேட்காமல் போய்விடும் என்று பயந்திருக்கிறார். அதற்குப் பதிலாகக் கூரையில் எட்டு மூலையில் ஒரு கண்ணாடிக் கூண்டு. அதன் வெளிச்சம் நேரே நீதிபதியின் மேசையிலும் சாட்சிக் கூண்டிலும் விழும். வாங்குகளில் உட்கார்ந்திருக்கும் சனம் நிழலில் இருக்கும். போர்க்காலத்தில் அடுத்த தெருவில் குண்டு விழுந்து அந்தக் கண்ணாடி முழுவதும் கொட்டிப்போனது. போர் முடிந்ததும் அதே எட்டு மூலையில் திரும்பப் போட்டார்கள். காத்திருக்கும் மண்டபத்திலும் பொதுப் படிக்கட்டிலும் மட்டும் ஆளுயரத்துக்கு, மினுமினுக்கும் கடும் பச்சையிலும் தேன் நிறத்திலும் டைல்ஸ். சாதாரண சனத்தின் ஈரக் கோட்டும் நிலக்கரிப் புகையும் படுகிற இடம் அதுதான்.

அந்த டைல்ஸில்தான் எல்லாம் தொடங்கியது.

1993 மார்கழியில் ஒருநாள் அவருடைய மனைவி தவநாயகி மத்தியானச் சாப்பாட்டைக் கொண்டுவந்து கொடுத்தாள். கட்டடத்துக்குள் அவள் வந்தது அதுதான் முதல் தடவை. மண்டபத்தைச் சுற்றிப் பார்த்தாள். நூறு வருடத்துப் புகையும், சுவரில் சாய்ந்தவர்களின் தலையெண்ணெயும் ஏறி, பச்சை கறுப்பாகித் தேன் நிறம் சேறாகியிருந்தது.

“என்னப்பா இது, கக்கூஸ் மாதிரிக் கிடக்கு,” என்றாள் தவநாயகி.

பாலேந்திராவுக்குச் சுருக்கென்றது. தான் ஒவ்வொரு நாளும் கழுவுகிற சுவர். ஆனால் அவள் சொன்ன பிறகு அவருக்கும் அது வேறு எதுவாகவும் தெரியவில்லை. அந்தச் சுவரோரம் வாங்குகளில், வீட்டை விட்டு எழும்பச் சொல்லிக் கடிதம் வந்த சனம் வரிசையாக இருக்கும். கைக்குழந்தையோடு பெண்கள் இருப்பார்கள். பெயர் கூப்பிடும் வரைக்கும் மூன்று மணித்தியாலம் இருட்டுச் சுவரைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள். தீர்ப்பைத் தன்னால் மாற்ற முடியாது, சுவரையாவது வெளிச்சமாக்கலாம் என்று அவர் நினைத்தார். கெட்ட நினைப்பென்று யார் சொல்லுவார்கள்?

இன்னொன்றும் இருந்தது. பாலேந்திரா கோயில் தொண்டர். கோயிலென்றால் பன்னிரண்டு வருடத்துக்கு ஒரு தடவை பழுது பார்த்து, புதிதாக வர்ணம் தீட்டி, கும்பாபிஷேகம் செய்ய வேண்டும். வர்ணம் மங்கிய கோபுரத்தைப் பார்த்து “ஆகா, எவ்வளவு பழமை” என்று எந்த யாழ்ப்பாணத்தவனும் மெச்சமாட்டான். “நிர்வாக சபை என்ன நித்திரையோ?” என்றுதான் கேட்பான். மதிப்பிருக்கிற கட்டடத்துக்குப் புது வர்ணம் பூசுவதுதான் மரியாதை. அதைச் செய்யாமல் விடுவது அவமரியாதை. பாலேந்திராவின் இரத்தத்தில் ஊறிய சட்டம் அது. 1846ஆம் ஆண்டுச் சட்டத்தைவிடப் பழையது.

மேலாளரிடம் அனுமதி கேட்டார். மேலாளர் கையை விரித்தார். பெயின்ற் வேண்டித் தரலாம், கூலிக்கு ஆள் வைக்க வழியில்லை. சனி ஞாயிறில் நீயாகச் செய்தால் நான் காணவில்லை என்றார். அவ்வளவு போதும். 1994 முழுவதும் பாலேந்திரா சனி ஞாயிறைக் குடும்பத்துக்குக் கொடுக்கவில்லை. மண்டபமும் படிக்கட்டும் இளமஞ்சள் ஆயின. விசாரணை மண்டபத்தில், மெழுகும் வார்னிஷும் சேர்ந்து கரியாய்க் கிடந்த ஓக் பலகைகளையும், நீதிபதியின் பீடத்தையும், அதற்கு மேலிருந்த செதுக்கு வேலைக் கூரையையும் மெஷினால் உரஞ்சி, வள்ளங்களுக்குப் பூசும் பளபள வார்னிஷை மூன்று தடவை கொடுத்தார். கடைசியாகச் சாரம் கட்டி வாசல் சிங்கத்திடம் ஏறினார். அதற்கு நாக்குச் சிவப்பைத் தீட்டிய அன்று வீதியில் போனவர்கள் நின்று கைதட்டினார்கள். உள்ளூர்ப் பத்திரிகையில் படம் வந்தது. நீதிபதி தன் கைப்பட நன்றிக் கடிதம் எழுதிக் கொடுத்தார். பாலேந்திரா அதைச் சட்டம் போட்டு வீட்டுக் கூடத்தில், முருகன் படத்துக்கு ஒரு சாண் கீழே மாட்டினார்.

2006இல், கணக்காகப் பன்னிரண்டு வருடம் கழித்து, எல்லாவற்றுக்கும் திரும்பவும் ஒரு பூச்சுக் கொடுத்தார். மூன்றாம் தடவைக்கு 2018ஐக் குறித்து வைத்திருந்தார். 2017இல் அரசாங்கம் நீதிமன்றத்தை மூடிவிட்டது. வழக்குகளை ஒரு பேருந்தும் ஒரு ரயிலும் எடுத்துப் போக வேண்டிய வேறு கட்டடத்துக்கு மாற்றினார்கள். பாலேந்திராவை மட்டும், வெறும் கட்டடத்தை வாரத்துக்கு இரண்டு தடவை போய்ப் பார்த்து வர, திறப்போடு வைத்துக்கொண்டார்கள். ஏழு வருடம் அவர் ஆளில்லாத மண்டபத்தைக் கூட்டினார்; கட்டடம் கைமாறிய பிறகும் திறப்பு அவரிடமே இருந்தது. தவநாயகி பேசிப் பேசிக் களைத்துப்போனாள்.

2024 பங்குனியில் வாசல் கதவில் கவுன்சிலின் அறிவித்தல் ஒன்று ஒட்டப்பட்டது. கட்டடத்தை வாங்கியவர்கள் அதை இடித்துவிட்டு மாணவர்களுக்கு எட்டு மாடி விடுதி கட்ட அனுமதி கேட்டிருந்தார்கள். பாலேந்திரா அதை வாசித்துவிட்டு, படியிலேயே குந்திவிட்டார். பிறகு பியற்றிஸுக்குப் போன் எடுத்தார்.

பியற்றிஸ் யாழ்ப்பாணத்துக் குருநகர்ப் பெண். 1998இலிருந்து மூடும் வரைக்கும் அதே நீதிமன்றத்தில் கவுண்டரில் இருந்தவள். ஓய்வு பெற்ற பிறகு லண்டனின் பழைய கட்டடங்களைச் சுற்றிப் பார்ப்பவர்களின் குழு ஒன்றில் சேர்ந்து, எந்தத் தூண் எந்தக் காலம் என்று நின்ற நிலையில் சொல்கிற அளவுக்குத் தேறியிருந்தாள்.

“பாலா அண்ணை, அழாதேங்கோ. ஒரு வழி இருக்கு,” என்றாள். “பாதுகாக்கிற கட்டடங்கள் எண்டு அரசாங்கத்திட்டை ஒரு பட்டியல் இருக்கு. அதிலை ஏத்திப்போட்டினமெண்டால் ஒருத்தரும் கை வைக்கேலாது. நான் விண்ணப்பம் எழுதுறன். பாக்கிறதுக்கு ஆள் அனுப்புவினம்.”

“ஏத்துவினமோ?”

“கட்டடம் தொடக்கத்திலை எப்பிடி இருந்ததோ அப்பிடி இருக்க வேணும். அதுதான் பாப்பினம்.”

“அதுக்கென்ன,” என்றார் பாலேந்திரா. “நான் ஒரு கல்லும் விழ விடேல்லையே.”

“ஓம் அண்ணை,” என்றாள் பியற்றிஸ். விஷயம் அவளுக்கு அப்போதே விளங்கியிருக்க வேண்டும். ஆனால் சிங்கத்துக்குத் தங்கம் பூசிய மனிதரிடம் அதை எந்த வாயால் சொல்வது?

வைகாசியில் பழைய கட்டடங்களைக் கவனிக்கும் அலுவலகத்திலிருந்து ஒரு பெண் வந்தாள். முப்பது வயது இருக்கலாம். மெலிந்த, மரியாதையான வெள்ளைக்காரப் பெண். கையில் ஒரு கமராவும் ஒரு குறிப்புப் புத்தகமும். பாலேந்திரா அதற்கு முதல் நாள் விடியவே போய்த் தரையெல்லாம் கழுவி, பித்தளைக் கைப்பிடிகளை மினுக்கி, சிங்கத்தின் முகத்தில் புறாக்கள் செய்து வைத்த அசிங்கத்தை ஏணி போட்டுத் துடைத்து வைத்திருந்தார். கழுத்துப் பட்டி கட்டியிருந்தார்.

அவள் வாசலில் நின்று மேலே பார்த்தாள். வெகுநேரம் பார்த்தாள்.

“இதற்கு எப்போது வர்ணம் பூசினார்கள்?” என்று ஆங்கிலத்தில் கேட்டாள்.

“தொண்ணூற்று நான்கில். பிறகு இரண்டாயிரத்து ஆறில். இரண்டும் நான்தான்,” என்றார் பாலேந்திரா, நெஞ்சை நிமிர்த்தி. அவள் குறித்துக்கொண்டாள்.

பியற்றிஸ் பின்னால் நின்று கண்ணைக் காட்டினாள். கண் காட்டுவதை எல்லாம் கவனிக்கிற நிலையில் பாலேந்திரா இல்லை. அவருக்கு வாழ்க்கையில் முதல் தடவையாக ஒரு அதிகாரி அவர் சொல்லச் சொல்ல எழுதுகிறாள். அவர் விட்டாரா? மண்டபத்தில் எத்தனை டைல்ஸ், அதற்கு எத்தனை கலன் பெயின்ற், நீதிபதியின் பீடத்தில் எந்தெந்த மூலையை மெஷின் எட்டாமல் கையால் உரஞ்சினார், எல்லாம் ஒன்றுவிடாமல் ஒப்புவித்தார். பூசுவதற்கு முன்னும் பின்னும் எடுத்த படங்களை ஆல்பமாகக் கொண்டுவந்திருந்தார். அதையும் விரித்துக் காட்டினார். அவள் ஒவ்வொரு பக்கத்தையும் கமராவில் எடுத்துக்கொண்டாள். அவள் எழுதிய ஒவ்வொரு வரியும் தனக்கு விழுகிற புள்ளி என்று அவர் நினைத்துக்கொண்டார்.

பச்சைச் சுவரின் பழைய படத்தில் மட்டும் அவள் விரல் நின்றது. “இந்தச் சுவர்கள் ஒருநாளும் பெயின்ற் தேவைப்படாதபடி வடிவமைக்கப்பட்டவை,” என்றாள் மெதுவாக. “சலவைச் சோடாவும் வெந்நீரும் போதும்.”

“இப்போது இன்னும் வெளிச்சமாக இருக்கிறது, இல்லையா?” என்றார் பாலேந்திரா.

அவள் அவரைப் பார்த்தாள். “நீங்கள் இதை மிகுந்த அன்போடு பார்த்திருக்கிறீர்கள்,” என்று சொல்லிக் கைகொடுத்துவிட்டுப் போனாள். அன்றைக்கு வீட்டுக்குப் போய்த் தவநாயகியிடம் பாலேந்திரா அந்த வசனத்தைத் திருப்பித் திருப்பிச் சொன்னார். இரவுச் சாப்பாட்டில் வழக்கத்துக்கு மேல் ஒரு பிட்டுத் துண்டு சாப்பிட்டார்.

ஆறு வாரம் கழித்து முடிவு வந்தது. விண்ணப்பித்தவள் என்பதால் பியற்றிஸுக்குத்தான் வந்தது. அவள் அதை அச்செடுத்துக்கொண்டு அவருடைய வீட்டுக்கு வந்தாள். தவநாயகி கொடுத்த தேத்தண்ணியைத் தொடாமல் வைத்தாள்.

“ஏத்தேல்லை அண்ணை,” என்றாள்.

“ஏனாம்?”

“அந்தக் காலத்துக் கோர்ட்டுகள் வேறையும் இருக்காம். இதிலை விசேசம் காணாதாம்.”

“முழுக்க வாசியும்.”

“அதுதான் அண்ணை சாரம்.”

“பியற்றிஸ், நீர் கவுண்டரிலை இருக்கேக்கை சனத்துக்கு அரைக் கடிதமோ வாசிச்சுக் காட்டினனீர்? முழுக்க வாசியும்.”

அவள் வாசித்தாள். தமிழில் சொல்லிச் சொல்லி வாசித்தாள். கட்டடத்தின் அமைப்பு மிகத் திறமையானது என்று எழுதியிருந்தது. மூன்று படிக்கட்டுகளும் எட்டு மூலைக் கூரைக் கண்ணாடியும் அபூர்வமாகத் தப்பியிருக்கின்றன என்று எழுதியிருந்தது. உட்புற வேலைப்பாடுகள் மட்டும் பழையபடி இருந்திருந்தால் இது பட்டியலில் ஏறுவதற்கு வலுவான தகுதி பெற்றிருக்கும் என்றும் எழுதியிருந்தது. பிறகு ‘ஆனால்’ வந்தது. வாசல் சிற்பத்துக்குப் பூசிய வர்ணத்தால் கல் மூச்சுவிட வழியில்லாமல் உள்ளே உக்கி, செதுக்கல் சிதைந்துவிட்டது. ஓக் வேலைப்பாடுகளை இயந்திரத்தால் உரஞ்சியதில் செதுக்கின் கூர் மழுங்கிவிட்டது. டைல்ஸ் முழுவதும் மறைந்துவிட்டது. கடைசி வரியை வாசிக்கும்போது பியற்றிஸின் குரல் கீழே போனது. ‘நல்ல நோக்கத்துடன் செய்யப்பட்ட போதிலும், அண்மைக்கால வர்ண வேலைகள் இக்கட்டடத்தின் வரலாற்று மதிப்பைப் பெருமளவு அழித்துவிட்டன.’

யாருடைய பெயரும் அதில் இல்லை. தேவையுமில்லை.

தவநாயகிக்குக் கோபம் வந்தது. “உவைக்கு என்ன விசரோ? ஊத்தையாய் விட்டிருந்தால் காப்பாத்தியிருப்பினமாம், வடிவாய் வைச்சிருந்ததாலை இடிக்கப்போயினமாம்!”

பாலேந்திராவுக்குக் கோபம் வரவில்லை. வந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். அந்தப் பெண் குறித்துக்கொண்டே வந்ததும், தான் ஆல்பத்தை விரித்துக் காட்டியதும் கண்ணுக்கு முன்னால் வந்து நின்று, உடம்பு கூசியது. அவர் காட்டாவிட்டாலும் அவளுக்குத் தெரிந்திருக்கும். பொன்னிறச் சிங்கத்தை யாரால் ஒளிக்க முடியும்? அது தெரிந்தும் அவமானம் குறையவில்லை. முப்பது வருடமாக அந்தச் சுவர்களைத் தொட்டு நான் காப்பாற்றினேன் என்று நினைத்துக்கொண்டிருந்த மனிதருக்கு, தொட்டதுதான் குற்றம் என்று யாரோ சொன்னால் அவர் என்ன செய்வார்? அவர் எழும்பிப்போய் நீதிபதியின் கடிதத்தைச் சுவரிலிருந்து கழற்றி, முகம் உள்ளே பார்க்க மேசையில் கவிழ்த்து வைத்தார்.

பியற்றிஸ் விடுகிற ஆளில்லை. “அண்ணை, இருபத்தெட்டு நாள் தந்திருக்கினம். திரும்பப் பாக்கச் சொல்லிக் கேக்கலாம். கல்லுப் போச்சு, மரம் போச்சு, அது சரி. ஆனால் டைல்ஸ் அழிஞ்சதெண்டு எழுதேல்லையே, மறைஞ்சதெண்டுதானே எழுதியிருக்கினம். பெயின்றைக் கழட்டினால் கீழை அப்பிடியே இருக்கும்தானே? ஒரு பத்து டைலிலை பெயின்றைக் கழட்டிப் படம் எடுத்து அனுப்புவம். பாக்க வந்த அந்தப் பிள்ளையிட்டையும் போன் பண்ணிக் கேட்டனான். ‘அனுப்புங்கள், கட்டாயம் பார்ப்பேன்’ எண்டு சொன்னவள். பட்டியலிலை ஏத்த அந்த மண்டபம் ஒண்டே காணுமாம்.”

தவநாயகியின் முகம் மலர்ந்தது. பாலேந்திரா தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அவருக்கு ஒன்று தெரியும். பியற்றிஸுக்குத் தெரியாது, அவள் வந்தது நான்கு வருடம் கழித்து. 1994இல் அவர் முதலில் பூசிய பெயின்ற் நிற்கவில்லை. மினுக்க டைல்ஸில் பெயின்ற் பிடிக்காது. இரண்டு கிழமையில் வாழைப்பட்டை உரிவது போலச் சுவரெல்லாம் உரிந்து தொங்கியது. வழக்குக்கு வந்த சனம் நகத்தால் உரித்து விளையாடியது. அவமானத்தில் நித்திரையில்லாமல், பெயின்ற் கடைக்காரனிடம் போய்க் கேட்டார். அவன் சொன்னான், மினுக்கத்தை முதலில் உரஞ்சி எடுக்க வேண்டும், அதற்குப் பிறகு பூசினால் நூறு வருடம் நிற்கும், ஆனால் அது பெரிய வேலை, யாரும் முழுக்கச் செய்வதில்லை, அங்கங்கே கீறிவிட்டுப் பூசிவிடுவார்கள் என்று. பாலேந்திரா ஒரு அரைக்கும் மெஷினை வாடகைக்கு எடுத்தார். ஐந்து சனி ஞாயிறு. மூக்கில் துணியைக் கட்டிக்கொண்டு, பச்சைத் தூசியில் குளித்துக்கொண்டு, மண்டபம் முழுவதும் மினுக்கத்தை அரைத்து எடுத்தார்.

அதை அவர் அன்றைக்கு வாய்விட்டுச் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. “சரி, கழட்டிப் பாப்பம்,” என்று மட்டும் சொன்னார். ஏனென்றால் ஐந்து சனி ஞாயிறு நீண்ட காலம். மனிதன் களைப்பான். குளிராக இருந்திருக்கும். எங்காவது ஒரு மூலையில், கதவுக்குப் பின்னால், வாங்குக்குக் கீழே, ‘இது யாருக்குத் தெரியப்போகிறது’ என்று விட்டுவிட்டுப் போயிருப்பார். யார்தான் அப்படிச் செய்ய மாட்டார்கள்? பத்து டைல் போதும் என்றாள் பியற்றிஸ். தன் வாழ்க்கையில் எங்காவது பத்து டைல் அளவுக்குச் சோம்பேறித்தனம் பண்ணியிருக்க மாட்டேனா என்று அவர் முருகனைக் கும்பிட்டார். அப்படியொரு வேண்டுதலை அந்தச் சாமி அதற்கு முன் கேட்டிருக்காது.

மறுநாள் காலையில், பெயின்ற் கரைக்கும் களியும் சுரண்டுகிற பிளாஸ்ரிக் தகடும் கையுறையும் எடுத்துக்கொண்டு போனார். பியற்றிஸ் பின்னேரம் கமராவோடு வருவதாகச் சொல்லியிருந்தாள். முதலில் பிரதான கதவுக்குப் பின்னால், கதவு திறந்தால் மறைந்துவிடும் இடத்தில் தொடங்கினார். களியைப் பூசி, அரை மணித்தியாலம் காத்திருந்து, மெல்லச் சுரண்டினார். இளமஞ்சள் இரண்டு படையும் சுருண்டு வந்தது. கீழே பச்சை தெரிந்தது. ஈரத் துணியால் துடைத்தார். துணியின் ஈரம் இருக்கும் வரைக்கும் அது மினுங்கியது. காய்ந்ததும் சாம்பல் பூத்தது. சுற்றிச் சுற்றி மெஷின் போன கீறல்கள், நெருக்கமாக, ஒழுங்காக, ஓரம் வரைக்கும்.

வாங்குக்குக் கீழே முழங்காலில் இருந்து சுரண்டினார். அதே கீறல். சூடாக்கும் குழாய்களுக்குப் பின்னால் கை போகாத இடத்தில், கம்பியில் துணியைச் சுற்றிச் சுரண்டினார். அங்கே மெஷின் போகவில்லை. உப்புத்தாளைக் கையில் பிடித்து உரஞ்சியிருந்தார். அந்தக் கீறல்கள் நேர்க்கோடாக இருந்தன. எப்படித்தான் கை போனதோ. படிக்கட்டின் திருப்பத்தில், மேல் மாடிப் பூட்டிய அலுமாரிக்குள், தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் என்று இடம் இடமாகப் போனார். மத்தியானம் சாப்பிடவில்லை. முப்பத்தாறு வயதில் வேலை செய்த அந்த இளந்தாரியை அறுபத்தாறு வயதில் பின்தொடர்ந்து போய், அவன் எங்கே ஏமாற்றினான் என்று தேடினார். அவன் எங்கும் ஏமாற்றவில்லை. அவன் மேல் அவருக்கு முதல் தடவையாக வெறுப்பு வந்தது. ஒரு சோம்பேறியை வேலைக்கு வைத்திருந்தால் இந்தக் கட்டடம் நின்றிருக்கும். பெயின்ற் தானாக உரிந்து, பச்சையும் தேனும் வெளியே வந்து, அந்தப் பெண்ணின் விரல் ஆல்பத்தில் நின்றது போலச் சுவரில் நின்றிருக்கும்.

நான்கு மணிக்குப் பியற்றிஸ் வந்தாள். மண்டபத்தில் அங்கங்கே, முகத்தில் பூச்சுக் கழன்றது போல, நாற்பது ஐம்பது பச்சைச் சதுரங்கள் தெரிந்தன. பாலேந்திரா கடைசிப் படியில், கையுறையைக் கழற்றாமல் இருந்தார்.

“ஐயோ அண்ணை, பச்சை வந்திட்டுது!” என்று அவள் கமராவை எடுத்தாள். “எத்தினை இடம் கழட்டிப்போட்டியள்! இது காணும், தாராளமாய்க் காணும்.”

“கிட்டப் போய்த் தொட்டுப் பாரும்,” என்றார்.

அவள் போய்ச் சுவரில் விரலை வைத்தாள். கீழே இழுத்தாள். பக்கத்து டைலைத் தொட்டாள், அதற்கடுத்ததைத் தொட்டாள். உப்புத்தாளைத் தொடுவது போல விரலுக்குச் சொரசொரத்தது. விசாரணை மண்டபத்துக் கூரைக் கண்ணாடியின் வெளிச்சம் திறந்த கதவால் இங்கே வரைக்கும் வந்துகொண்டிருந்தது. ஒரு டைலிலும் அது மினுங்கவில்லை.

“எல்லா இடமுமோ அண்ணை?” என்று கேட்டாள்.

“எல்லா இடமும்.”

“கதவுக்குப் பின்னாலை?”

“அங்கையும் பாத்திட்டன்.”

பியற்றிஸ் கமராவைப் பையில் வைத்து, அந்தப் பையை மடியில் பிடித்துக்கொண்டு அவருக்குப் பக்கத்தில் படியில் வந்து இருந்தாள். பாலேந்திரா சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

“வடிவாச் செய்துபோட்டன், பியற்றிஸ்,” என்றார். “ஒரு டைலும் விடேல்லை.”